மணிக்கு ஒரு சொம்பு

உங்களில் யாரும் இன்னும் ஒரு மாட்டைக் கொன்றிருக்க மாட்டீர்கள் என்று நம்புகிறேன். நான் இரண்டைக் கொன்றிருக்கிறேன். ஒரே நாளில், தண்ணீர் கொடுத்து.

நம் கால்நடை மருத்துவர் சங்க மலருக்குக் கட்டுரை கேட்டு இரண்டு இளம் டாக்டர்கள் போன வாரம் வீட்டுக்கு வந்திருந்தார்கள். மருந்தகத்திலிருந்து மக்களவைக்குப் போன கதையை எழுதுங்கள் சார் என்றார்கள். படிப்படியாக மேலே ஏறிய ஒருவனின் கதையை எதிர்பார்க்கிறார்கள் என்பது முகத்திலேயே தெரிந்தது. அவர்களை ஏமாற்ற வேண்டியிருக்கிறது. நான் இருபத்தைந்து வருடம் மாட்டு டாக்டராக இருந்தேன், ஐந்து வருடம் எம்.பி.யாக இருந்தேன், இப்போது மறுபடியும் மாட்டு டாக்டராக இருக்கிறேன். நடுவில் இருந்த அந்த ஐந்து வருடத்தையும் என்னால் ஓரளவு மானத்தோடு கழிக்க முடிந்தது என்றால், அதற்குக் காரணம் ஆரோக்கியமேரி என்கிற உப்பளத் தொழிலாளி. அவரைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். டெல்லிக் கதை வேண்டுமென்றால் வேறு யாரையாவது பிடியுங்கள்.

என் முதல் பணியிடம் மரக்காணம். நான் பிறந்தது பிரம்மதேசம் பக்கம், விவசாயக் குடும்பம். மாட்டோடு மாடாக வளர்ந்தவன். கல்லூரியிலும் நல்ல மார்க். ஆகவே மாட்டைப் பற்றி எனக்குத் தெரியாதது எதுவும் இல்லை என்ற திமிரோடுதான் போய்ச் சேர்ந்தேன். எங்கள் ஊர் மாட்டுக்கும் உப்பளத்து ஓரம் மேய்கிற மாட்டுக்கும் நடுவில் ஒரு கடலே இருக்கிறது என்பது அப்போது தெரியவில்லை.

சேர்ந்த வருடம் கோடையில் ஒரு காலை வேளை. ஆரோக்கியமேரி மருந்தகத்துக்கு ஓடி வந்தார். எனக்கு இரண்டு மூன்று வயது இளையவராக இருப்பார். அவருடைய பசுவும் அதன் கிடேரிக் கன்றும் காணாமல் போய் மூன்று நாள் ஆகியிருந்தது. இரண்டும் ஓடுகாலிகள் என்று ஒரே கயிற்றில் பிணைத்து மேய விட்டிருக்கிறார். அந்தக் கயிறே எமனாகிவிட்டது. அளத்துக்கு நடுவே வேலிகாத்தான் புதரில் கயிறு சுற்றிக்கொண்டு, மூன்று நாளும் அந்த வெயிலில் இரண்டும் நின்ற இடத்திலேயே நின்றிருக்கின்றன. எட்டுகிற தூரத்தில் இருந்தது பாத்திக்குப் போகும் உப்புத் தண்ணீர் வாய்க்கால் மட்டும்தான்.

நான் போனபோது கயிற்றை அறுத்து வீட்டு வாசலுக்கு ஓட்டி வந்திருந்தார்கள். கண் உள்ளே போயிருந்தது. கிடேரிக்குப் பின்னங்கால் குளம்பு மடங்கி மடங்கி விழுந்தது. பட்டினி, வெயில், தாகம் என்று பார்த்ததுமே முடிவு கட்டிவிட்டேன். வாசலில் சிமெண்ட் தொட்டி நிறையத் தண்ணீர் இருந்தது. இரண்டும் அதைப் பார்த்துக் கழுத்தை நீட்டின. மேரி கயிற்றை இறுக்கிப் பிடித்துக்கொண்டு என்னைக் கேட்டார்.

"சார், கொஞ்சம் கொஞ்சமா காட்டட்டுமா?"

"என்னம்மா கொஞ்சம் கொஞ்சம்? மூணு நாள் தாகம். வயிறு முட்டக் குடிக்கட்டும், விடுங்க."

"இல்ல சார், நாங்க அளத்துலேர்ந்து வெயில்ல வந்தா ஒரேயடியா குடிக்க மாட்டோம். மடக்கு மடக்காத்தான்..."

"மனுஷன் வேற, மாடு வேறம்மா. டாக்டர் நானா நீங்களா?"

இந்தக் கடைசி வாக்கியத்தை நான் சொன்ன தொனி இன்னும் என் காதில் இருக்கிறது. மேரி கயிற்றை விட்டார். இரண்டும் தொட்டியில் முகத்தைப் புதைத்துக் குடித்தன. பார்க்க அவ்வளவு சந்தோஷமாக இருந்தது. பக்கத்து வீட்டு அம்மாள் எனக்கு மோர் கொண்டுவந்து கொடுத்தார். அந்த மோரைக் குடித்துக்கொண்டே நின்றேன்.

ஒரு மணி நேரம் கழித்துக் கிடேரி தலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு விழுந்தது. பல்லை நறநறவென்று கடித்தது, காலை உதைத்துக்கொண்டது. நான் பையில் இருந்த மருந்தையெல்லாம் போட்டுப் பார்த்தேன். மத்தியானத்துக்குள் அது போய்விட்டது. பொழுது சாய்வதற்குள் தாய்ப்பசுவும் போய்விட்டது. வெயில் அதிர்ச்சி, நேரம் கடந்துவிட்டது, யாராலும் ஒன்றும் செய்திருக்க முடியாது என்று மேரியிடம் சொல்லிவிட்டு வண்டியேறி வந்துவிட்டேன்.

வந்து புத்தகத்தைப் புரட்டினேன். உடம்பில் உப்பு ஏறிய மாட்டுக்குத் திடீரென்று நல்ல தண்ணீரை நிறையக் கொடுத்தால் மூளை வீங்கிவிடும். மணிக்கு ஒன்றரை லிட்டருக்கு மேல் காட்டக் கூடாது. எல்லாம் அச்சடித்துத்தான் இருந்தது. பெரும்பாலும் பன்றிகளுக்கு வருவது என்று முதல் வரியிலேயே போட்டிருந்ததால், நமக்கெதற்கு என்று படிக்கிற காலத்தில் அந்தப் பக்கத்தைத் தாண்டிப் போயிருந்தேன். மேரி கேட்டது சரி. படிக்காமலே சரி.

இங்கே ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். மேரியிடம் போய் உண்மையைச் சொல்ல எனக்கு நான்கு நாள் பிடித்தது. ஊரில் பெயர் கெட்டுவிடும் என்ற பயம் ஒரு பக்கம். சொல்லி என்ன ஆகப் போகிறது, செத்தது எழுந்து வரவா போகிறது என்ற சமாதானம் ஒரு பக்கம். ஆனால் மருந்தகத்துக்கு வருகிற ஒவ்வொருவரும் "வெயில் ஜாஸ்தி, மேரி மாடு ரெண்டு வெயில்லயே செத்துடுச்சு" என்று என் பொய்யை என்னிடமே திருப்பிச் சொன்னார்கள். நாளைக்கு இன்னொரு மாடு அளத்தில் மாட்டிக்கொண்டால் இவர்கள் தொட்டி நிறையத் தண்ணீர் காட்டுவார்கள். அந்த நினைப்புதான் என்னைக் கிளப்பியது.

மேரி அளத்தில் உப்பு வாரிக்கொண்டிருந்தார். வரப்பில் நின்று சொல்லி முடித்தேன். அவர் பலகையை நிறுத்தவில்லை. இரண்டு முறை இழுத்து உப்பைக் குவித்த பிறகு கேட்டார்.

"அப்போ நான் கேட்டது சரிதானே சார்?"

"சரிதாம்மா."

"அப்புறம் ஏன் சார் நான் சொன்னத கேக்கல?"

அவர் அழுதிருந்தாலோ, மண்ணை வாரித் தூற்றியிருந்தாலோ எனக்கு லேசாக இருந்திருக்கும்.

"அன்னிக்கு அவ்ளோ உறுதியா சொன்னீங்களே, அது தெரிஞ்சு சொன்னீங்களா, தோணுச்சுன்னு சொன்னீங்களா?"

"தோணுச்சுன்னு சொன்னேன்."

"அத அப்பவே சொல்லியிருந்தீங்கன்னா நான் கயித்த விட்டிருக்க மாட்டேன்." இன்னொரு முறை பலகையை இழுத்துவிட்டு, "வந்து சொன்னீங்களே, அது போதும். போங்க சார், வெயில்ல நிக்காதீங்க" என்றார்.

அதற்குப் பிறகு அவர் என்னிடம் வருவதை நிறுத்திவிடுவார் என்று நினைத்தேன். அப்படி நடக்கவில்லை. மறுபடியும் ஒரு கன்றை வாங்கி வளர்த்தார், அதற்கு எது வந்தாலும் என்னிடம்தான் கொண்டுவந்தார். ஆனால் நான் எதைச் சொன்னாலும் முகத்தை நேராகப் பார்த்து ஒரு கேள்வி போடுவார்: "தெரிஞ்சு சொல்றீங்களா, தோணுதுன்னு சொல்றீங்களா?" பத்து பேர் நடுவில் கேட்பார். கலெக்டர் வந்து நின்ற ஒரு முகாமில் கூடக் கேட்டார். முதலில் எரிச்சலாக இருந்தது. பிறகு அவர் வாய் திறப்பதற்குள் நானே சொல்லப் பழகினேன்: இது தெரியும், இது தோணுது, இது தெரியாது. என்ன ஆச்சரியமென்றால், "தெரியாது" என்று சொல்லத் தொடங்கிய பிறகுதான் கூட்டம் அதிகமாக வந்தது.

எம்.பி. ஆனது எப்படி என்று கேட்டீர்கள். கட்சியில் இரண்டு கோஷ்டி. இரண்டு பேருக்கும் பிடித்த ஆள் கிடைக்கவில்லை, இரண்டு பேருக்கும் பிடிக்காமல் போகாத ஆளாக நான் கிடைத்தேன். ஊர் ஊராகச் சுற்றியவன், பாதி வீடுகளின் மாடு கன்றைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவேன் என்பது என் தகுதி. விருப்ப ஓய்வு எழுதிக் கொடுத்தேன், நின்றேன், ஜெயித்தேன். பிரசாரத்தில் கீழ்புத்துப்பட்டில் ஒருவர் வண்டியை மறித்து, "ஓட்டு இருக்கட்டும் டாக்டரே, இந்த மாடு ரெண்டு நாளா அசை போடல, என்னான்னு பாருங்க" என்றார். மாலையைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கிப் பார்த்தேன். பிரசாரப் பொறுப்பிலிருந்த செல்வம் "அண்ணே, அடுத்த ஊர்ல ஜனம் காத்துனு இருக்குது" என்று தலையில் அடித்துக்கொண்டான்.

டெல்லியைப் பற்றி ஒன்றே ஒன்று சொல்லிவிடுகிறேன். ஒரு நிலைக்குழுக் கூட்டம். கடலோர மீனவர்களுக்கான ஒரு திட்டம் வேலை செய்யுமா என்று தலைவர் கேட்டார். நான் கடலோரத் தொகுதிக்காரன், எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நாக்கு நுனியில் பிரமாதமான பதில் ஒன்று தயாராக இருந்தது. அந்த நேரம் பார்த்து மேரியின் கேள்வி வந்து நின்றது. எனக்கு மாடு தெரியும், வலை தெரியாது. "இது எனக்குத் தெரியாது, ஊரில் விசாரித்துவிட்டு அடுத்த கூட்டத்தில் சொல்கிறேன்" என்றேன். பக்கத்திலிருந்த மூத்த உறுப்பினர் ஒருவர் என் பக்கம் குனிந்து, "இந்த அறையில் இப்படி ஒரு வாக்கியத்தைக் கேட்டு ரொம்ப நாளாகிறது" என்றார். பாராட்டா கிண்டலா என்று தெரியவில்லை. நான் விசாரித்தேன், அடுத்த கூட்டத்தில் சொன்னேன், ஏற்றுக்கொண்டார்கள். என் ஐந்து வருடத்தில் உருப்படியாக நடந்த சில காரியங்களில் அது ஒன்று.

இப்போது நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன்.

என் பதவிக் காலத்தின் கடைசி வருடம். தேர்தலுக்குச் சில மாதங்களே இருந்தன. ஒரு புயல் வந்தது. மழை அதிகமில்லை, காற்றும் கடலும்தான் ஆடித் தீர்த்தன. அலை அளத்தைத் தாண்டி ஊருக்குள் வந்து, குட்டைகளையெல்லாம் உப்பாக்கிவிட்டுப் போனது. பாலம் உடைந்து மேரியின் ஊருக்குப் போகிற வழி அறுந்துவிட்டது. ஜனங்களைப் படகில் கொண்டுவந்துவிட்டார்கள், மாடுகளைக் கொண்டுவர முடியவில்லை. பள்ளிக்கூட மேட்டில் மாடும் ஆடுமாக நின்றது நின்றபடி இருந்தன. வழி சரியாகி நான் முதல் தண்ணீர் லாரியோடு போனது நான்காம் நாள் காலை. அப்போது மரக்காணம் மருந்தகத்தில் இருந்த டாக்டரம்மா வேறு ஊரில் மாட்டிக்கொண்டிருந்தார்.

ஊர் ஜனம் எங்களுக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது. செல்வம் எல்லா ஏற்பாடும் செய்து வைத்திருந்தான். பெரிய பிளாஸ்டிக் தொட்டி, கேமராவோடு இரண்டு பேர், மைக்கோடு ஒருவர்.

"அண்ணே, உங்க கையாலயே தொறந்து வுடுங்க. டாக்டர் எம்.பி., வாயில்லா ஜீவனுக்குத் தண்ணி. போட்டோ சும்மா அள்ளிடும்."

எனக்கும் அது தவறாகத் தோன்றவில்லை. உண்மையைச் சொன்னால், நன்றாகவே தோன்றியது. சிரித்த முகமாக வால்வைத் திறந்தேன். தொட்டியில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டதும் மாடுகள் எல்லாம் ஒரே தள்ளாக வந்தன. ஒன்று மட்டும் வரவில்லை. அது பள்ளிக்கூடச் சுவரில் நெற்றியை முட்டுக் கொடுத்துக்கொண்டு அப்படியே நின்றது. கண் திறந்திருந்தது, பார்வை இல்லை. பின்னங்கால் குளம்பு மடங்கியிருந்தது. அதன் கயிற்றைப் பிடித்துக்கொண்டு மேரி நின்றிருந்தார்.

மேரியின் பழைய கிடேரிக்கும் இப்படித்தான் குளம்பு மடங்கியது. வால்வை மூடினேன். அதற்குள் தொட்டியின் அடியில் தண்ணீர் சேர்ந்துவிட்டது, முதல் மாட்டின் மூக்கு தண்ணீருக்கு ஒரு சாண் தூரத்தில் இருந்தது. யோசிக்க நேரமில்லை. காலால் எட்டி உதைத்துத் தொட்டியைக் கவிழ்த்தேன். தண்ணீர் அத்தனையும் மணலில் போயிற்று.

நான்கு நாள் தாகத்தில் நிற்கிற மாட்டின் முன்னால், கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போது, ஒரு எம்.பி. தண்ணீர்த் தொட்டியை உதைத்துக் கவிழ்க்கிறான். பார்க்கிறவர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே நினைத்துப் பாருங்கள். எல்லோரும் ஒரே நேரத்தில் கத்தினார்கள். யோவ் என்றார்கள், பைத்தியமா என்றார்கள். ஒருவர் சட்டையைப் பிடித்துவிட்டார். செல்வம் அழுகிற குரலில், "அண்ணே, வீடியோ ஓடுது அண்ணே" என்றான்.

"உப்பு ஏறியிருக்குது! மொத்தமா குடிச்சா செத்துடும்! மாட்டுக்கு மணிக்கு ஒரு சொம்பு, ஆட்டுக்கு ஒரு டம்ளர், அதுக்கு மேல ஒரு சொட்டு காட்டாதீங்க!" என்று கத்தினேன். யார் கேட்கிறார்கள்? இரண்டு இளைஞர்கள் லாரி மேலே ஏறி வால்வைத் திறக்கப் போய்விட்டார்கள். தண்ணீர் வேண்டாம் என்று சொல்கிற அரசியல்வாதியை நானே நம்பியிருக்க மாட்டேன்.

அப்போது மேரி தன் மாட்டை இழுத்துக்கொண்டு கூட்டத்துக்கு நடுவே வந்தார். அந்த நிலையிலும் அந்த மாடு தண்ணீர் வாசனைக்குத் தலையைத் திருப்பியது. அவர் கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டு, அத்தனை பேருக்கும் கேட்கும்படி கேட்டார்.

"டாக்டரே, தெரிஞ்சு சொல்றீங்களா, தோணுதுன்னு சொல்றீங்களா?"

"தெரிஞ்சு சொல்றேன் மேரி."

"எப்படித் தெரியும்னு இவங்களுக்குச் சொல்லுங்க."

மைக் என் வாய்க்கு முன்னால் இருந்தது. தேர்தல் வருகிறது. சொன்னேன். "இந்தம்மாவோட ரெண்டு மாடு இதே மாதிரி வந்துச்சு. கொஞ்சம் கொஞ்சமா காட்டலாமான்னு கேட்டாங்க. நான்தான் வயிறு முட்டக் குடிக்க விடச் சொன்னேன். ரெண்டும் அன்னிக்கே செத்துச்சு. நான்தான் கொன்னேன்."

மேரி லாரி மேல் நின்றவர்களைப் பார்த்தார். "கேட்டீங்களாடா? எறங்குங்க. பொய் சொல்ற ஆளு இத சொல்லுவானா? என் மாடுதான் இங்க எல்லாத்தையும் விட மோசமா இருக்குது. மொதல்ல என் மாட்டுக்கு ஒரு சொம்பு குடுங்க. ஒரே சொம்பு."

அந்த ஒரு சொம்பைக் குழாய் வைத்து நானே உள்ளே விட்டேன். அதற்குப் பிறகு அந்த மாடு இன்னும் கொஞ்சத்துக்காக நாக்கை நீட்டிக்கொண்டு முனகியதையும், மேரி கயிற்றை விடாமல் முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு நின்றதையும் என்னால் மறக்க முடியாது. எனக்குத் தெரிந்த தைரியசாலிகளில் அவருக்கு மேல் யாரும் இல்லை. ஒரு தடவை என்னை நம்பி எல்லாவற்றையும் இழந்தவர், இரண்டாவது தடவையும் என்னை நம்பினார். என் வார்த்தை சரி என்று காட்ட அப்போது என் கையில் வேறு எந்த ஆதாரமும் இல்லை.

லாரியில் ஏறியவர்கள் இறங்கினார்கள். மணி பார்ப்பது யார் என்ற கேள்வி வந்தது. பாதிப் பேர் செல்போனில் சார்ஜ் இல்லை. மேரி ஆள் அனுப்பி மாதா கோயில் பங்குச் சாமியாரைக் கேட்டார், அவர் மணிக்கு ஒரு தடவை கோயில் மணியை அடிக்கச் சொன்னார். மணி அடித்ததும் வீட்டுக்கு ஒருவர் சொம்போடு வந்து வரிசையில் நிற்பது, மாட்டுக்குக் காட்டுவது, அடுத்த மணி வரை மாட்டின் கண்ணைப் பார்க்காமல் உட்கார்ந்திருப்பது. அன்று முழுக்கவும், மறுநாளும் இப்படியே போயிற்று. பக்கத்து ஊருக்கு எங்களுக்கு முன்பே வேறு லாரி போய்விட்டிருந்தது. நான் போன் போடுவதற்குள் நேரம் கடந்துவிட்டது. அங்கிருந்து மத்தியானம் செய்தி வந்தது. அதைப் பற்றி எழுத எனக்கு மனம் வரவில்லை. அந்தச் செய்தி வந்த பிறகு எங்கள் ஊரில் யாருக்கும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

எங்களிடமும் எல்லாம் பிழைக்கவில்லை. ஏற்கெனவே விழுந்து கிடந்தவை எழுந்திருக்கவில்லை. நின்றவற்றில் பெரும்பாலானவை பிழைத்தன. மேரியின் மாட்டுக்கு மூன்றாம் நாள் பார்வை திரும்பியது. அது முதல் வேலையாக என்னை முட்ட வந்தது.

வீடியோவில் நான் தொட்டியை உதைக்கிறது மட்டும் இருந்தது. மற்றதை வெட்டிவிட்டார்கள். மாட்டுக்குத் தண்ணீர் மறுத்த எம்.பி. என்று தமிழ்நாடு முழுக்கச் சுற்றியது. தேர்தலில் தோற்றேன். அதனால்தான் தோற்றேனா என்று கேட்காதீர்கள், அது எனக்குத் தெரியாது. தோன்றுவதை வைத்துப் பேசக் கூடாது.

முடிவு வந்த மறுநாள் வீட்டில் யாரும் இல்லை. எப்போதும் வாசலில் நிற்கும் கார்கள் ஒன்றும் இல்லை. செல்வம் மட்டும் வந்து கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுப் போனான். பத்து மணி இருக்கும், கேட் திறக்கிற சத்தம். மேரி அந்த மாட்டை ஓட்டிக்கொண்டு வந்திருந்தார்.

"தோத்துட்டேன் மேரி" என்றேன்.

"தெரியும். டிவில பாத்தேன். இனிமே நேரம் இருக்குமேன்னுதான் வந்தேன். சினை புடிச்சிருக்குதான்னு பாருங்க. ரெண்டு வாட்டி சினை ஊசி போட்டாச்சு."

ஐந்து வருடமாகப் பரணில் கிடந்த நீளக் கையுறையைத் தேடி எடுத்தேன். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தென்னைமரத்தடியில் மாட்டின் பின்னால் நின்றேன். கை உள்ளே போனதும் அந்தச் சூடு, முதல் நாள் பணியில் இருந்த அதே சூடு. கொஞ்ச நேரம் தேடினேன். விரல் நுனியில் ஏதோ மெத்தென்று வந்து முட்டிவிட்டு விலகியது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. முகத்தை மாட்டின் முதுகுப் பக்கம் வைத்துக்கொண்டேன்.

"சினைதான். நாலு மாசம்."

மேரி மாட்டின் முகத்தருகே நின்று கயிற்றைப் பிடித்திருந்தார். அங்கிருந்தே எட்டிப் பார்த்தார்.

"தெரிஞ்சு சொல்றீங்களா, தோணுதுன்னு சொல்றீங்களா?"

கையை வெளியே எடுக்காமலே சொன்னேன். "தெரிஞ்சுதான் சொல்றேன் மேரி."